கொடி பிடித்தவர்

கொடி பிடிப்பவர்களில் இரண்டு வகை உண்டு. முதல் வகையினருக்குப் பின்னால் வருகிறவர்களை லாரியில் ஏற்றி, பிரியாணிப் பொட்டலம் கொடுத்து அழைத்து வருவார்கள். இரண்டாம் வகையினருக்குப் பின்னால் வருகிறவர்கள் கைக்காசைச் செலவழித்து, விசா வாங்கி, விமானம் ஏறித் தாங்களாகவே வருகிறார்கள். பொட்டலமும் கிடையாது. இந்த இரண்டாம் வகை உலகமெங்கும் இருக்கிறது என்றாலும், நல்ல விளைச்சலைப் பார்க்க வேண்டுமானால் வியட்நாமின் நடுப்பகுதியில் இருக்கும் ஹோய் ஆன் ஊருக்குத்தான் போக வேண்டும்.

துபோன் ஆற்றங்கரையில் காலை எட்டு மணிக்கு நின்றால் போதும். வெயில் படாத முழுக்கைச் சட்டை, தொப்பி, கழுத்தில் உரிமச் சீட்டு, இடுப்பில் ஒரு சின்ன ஒலிபெருக்கி, கையில் இழுத்தால் நீளும் கம்பி, அதன் நுனியில் ஒரு சிவப்புத் துணி. அவர்தான் அரை நாள் வழிகாட்டி. நான்கு மணி நேரத்தில் நானூறு வருஷத்தைச் சுற்றிக் காட்டி, நடக்க வைத்து, படகேற்றி, பசிக்கிற நேரத்துக்குக் கரையில் இறக்கிவிடுவார். மணிக்கு நூறு வருஷம். இதைவிட வேகமாகப் பள்ளிக்கூடத்தில்தான் வரலாறு நடத்துவார்கள்.

"என் குடும்பமே!" என்று ஆரம்பிப்பார். ஐந்து நிமிடத்துக்கு முன் ஒருவரை ஒருவர் பார்த்திராத கூட்டம் அசடு வழியச் சிரிக்கும். அடுத்து ஒவ்வொருவரிடமும் எந்த நாடு என்று கேட்பார். அது மரியாதைக்காகக் கேட்கிற கேள்வி இல்லை. அன்றைக்கு எந்தச் சரக்கை வெளியே எடுப்பது என்பதை அதை வைத்துத்தான் தீர்மானிக்கிறார். ஏனென்றால் அவருடைய தொழில் ரகசியம் ஒன்றே ஒன்று: வந்தவர் யாராக இருந்தாலும், "இந்த ஊரைக் கட்டியதே உங்கள் முன்னோர்தான்" என்று சொல்லி அனுப்புவது.

இதில் பொய் அதிகம் இல்லை என்பதுதான் வேடிக்கை. பதினாறு, பதினேழாம் நூற்றாண்டுகளில் ஹோய் ஆன் பெரிய துறைமுகம். சீன வணிகர்கள் ஒரு பருவக்காற்றில் வந்து, அடுத்த பருவக்காற்றுக்காக மாதக்கணக்கில் காத்துக் கிடந்தார்கள். ஜப்பானியர்களுக்குத் தனித் தெருவே இருந்தது. போர்ச்சுகீசியர்கள் ஊரை ஃபைஃபோ என்று அழைத்தார்கள். டச்சுக்காரர்கள் கிடங்கு வைத்தார்கள். பிறகு ஆறு தூர்ந்தது, பெரிய கப்பல்கள் பக்கத்திலிருக்கும் தா நாங் துறைமுகத்துக்குப் போய்விட்டன. பிழைப்புப் போன ஊரில் யாரும் பழைய வீட்டை இடித்துப் புதிதாகக் கட்டவில்லை. 1999-இல் யுனெஸ்கோ வந்து, பாரம்பரியச் சின்னம் என்று பட்டம் கொடுத்தது. இதையெல்லாம் வழிகாட்டி ஒரே வரியில் முடித்துவிடுவார்: "ஆறு மண் போட்டது, நாங்கள் பணக்காரர் ஆனோம்."

எங்கள் குழுவில் ஜப்பானியப் பெண்கள் இருவர், ஒரு மலேசியச் சீனக் குடும்பம், வயதான அமெரிக்கத் தம்பதி, போலந்துக்காரர் ஒருவர், திருப்பூரிலிருந்து வந்த பனியன் கம்பெனி முதலாளி, அவர் மனைவி, ஓரமாக ஒரு நெட்டை மனிதர். எந்த நாடு என்று கேட்டதற்கு அவர், "ஐஸ்லாந்து" என்றார். வழிகாட்டியின் முகத்தில் ஒரு நொடி மின்சாரம் போய் வந்தது. "மிக நல்ல நாடு!" என்று சொல்லிவிட்டு அடுத்தவரிடம் போய்விட்டார். அந்த நாட்டுக்கான சரக்கு அவரிடம் இல்லை.

முதலில் நுழைவுச் சீட்டு. தலைக்கு 1,20,000 டாங். திருப்பூர்க்காரர் கைப்பேசியில் கணக்குப் போட்டு, நம்ம காசுக்கு நானூறு ரூபாய் சொச்சம் என்று மனைவியிடம் சொன்ன பிறகுதான் அந்த அம்மாளுக்கு மூச்சு வந்தது.

முதல் பங்கு சீனக் குடும்பத்துக்கு. ஃபூஜியன் சங்க மண்டபத்தில், கடலோடிகளைக் காக்கும் தியன் ஹாவ் அம்மன் சந்நிதியில் அவர்களை முன்வரிசைக்கு அழைத்தார். தலைக்கு மேலே சுருள் சுருளாக ஊதுவத்திகள் தொங்கின. வேண்டுதல்காரர்களின் பெயரெழுதிய சீட்டோடு நாள்கணக்கில் எரிபவை. அம்மனுக்கு இரண்டு பக்கமும் காவலர்கள்: ஒருவர் ஆயிரம் மைல் பார்ப்பவர், ஒருவர் அதே தூரம் கேட்பவர். "கணவனும் மனைவியும் போல" என்றார் வழிகாட்டி. எத்தனை ஆயிரம் தடவை சொல்லியிருந்தாலும், அந்த நகைச்சுவையைச் சொன்ன பிறகு அவரே முதலில் சிரிக்கிறார். இதற்குத் தனித் தெம்பு வேண்டும்.

ஜப்பானியருக்கு அவர்களுடைய பாலம். 1593-இல் ஜப்பானிய வணிகர்கள் கட்டத் தொடங்கியதாகச் சொல்லப்படும் கூரைப் பாலம். ஒரு முனையில் நாய்ச் சிலைகள், மறு முனையில் குரங்குச் சிலைகள். குரங்கு ஆண்டுக்கும் நாய் ஆண்டுக்கும் இடையில் கட்டிய வேலை என்று விளக்கம். அந்தக் காலத்திலும் ஒப்பந்தக்காரர்கள் இழுத்தடித்திருக்கிறார்கள். 20,000 டாங் நோட்டில் இந்தப் பாலத்தின் படம் இருப்பதால், நோட்டைத் தூக்கிப் பிடித்துப் பாலத்தோடு சேர்த்துப் படம் எடுப்பது சம்பிரதாயம். வழிகாட்டி சட்டைப் பையில் அதற்கென்றே மடிப்புக் கலையாத நோட்டு ஒன்று வைத்திருக்கிறார். படம் எடுத்ததும் திரும்ப வாங்கிக்கொள்வார். 2024-இல் பாலத்தைப் பழுதுபார்த்துத் திறந்தபோது, பாட்டிக்குப் பவுடர் பூசிவிட்டதாக ஊரே குறைப்பட்டது. அதைக் கேட்டால், "இரண்டு மழை பெய்யட்டும், சரியாகிவிடும்" என்பார்.

பிறகு குரலைத் தாழ்த்தினார். பூமிக்கடியில் ஒரு ராட்சத விலங்கு கிடக்கிறதாம். அது நெளிந்தால் நிலநடுக்கம். அதன் வால் ஜப்பானில், முதுகு வியட்நாமில். நெளியாதபடி முதுகில் குத்தி வைத்த வாள்தான் இந்தப் பாலம். ஜப்பானியப் பெண்கள் தலையாட்டினார்கள். வழிகாட்டி மெதுவாகத் திரும்பி, திருப்பூர்க்காரரை நோக்கிக் கொடியை நீட்டினார். "தலை எங்கே தெரியுமா? இந்தியாவில்!"

"அதானே பார்த்தேன். தலைவலி மட்டும் நமக்குத்தானுங்க" என்றார் அவர், என் பக்கம் சாய்ந்து.

ஐஸ்லாந்துக்காரர் முதன்முறையாக வாய் திறந்தார். "எங்கள் ஊரில் நிலநடுக்கம் நிறைய உண்டு. அந்த விலங்கு அங்கே வருமா?" வழிகாட்டி யோசித்தார். "வராது. அதற்கு விசா கிடைக்கவில்லை" என்று சொல்லிவிட்டுக் கொடியை உயர்த்தினார். நடை தொடர்ந்தது.

போலந்துக்காரர் பாடு சுலபமாக முடிந்தது. பக்கத்திலிருக்கும் மீ சன் கோயில்களைப் புதுப்பிக்க 1980-களில் வந்த கட்டடக் கலைஞர் கசிமியெஷ் க்வியாட்கோவ்ஸ்கி, ஹோய் ஆனையும் காப்பாற்றச் சொல்லி வாதாடியவர். ஊருக்குள் அவருக்குச் சிலை இருக்கிறது. அதன் பக்கத்தில் நிற்க வைத்து ஒரு படம். போலந்துக்காரர் கண் கலங்கிவிட்டார். இவ்வளவு குறைந்த செலவில் ஒரு தேசத்தைத் திருப்திப்படுத்த முடியுமா என்று எனக்கு ஆச்சரியம்.

இந்தியாவுக்குத் தலையோடு நின்றுவிடவில்லை. அந்தக் காலத்தில் இந்தப் பகுதியை ஆண்ட சம்பா அரசர்கள், சிவன், நான்காம் நூற்றாண்டில் பத்ரவர்மன் நிறுவிய பத்ரேஸ்வரர், சமஸ்கிருதக் கல்வெட்டுகள், 2020-இல் நம் தொல்லியல் துறையினர் மீ சன்னில் ஒரே கல்லால் ஆன சிவலிங்கத்தைக் கண்டெடுத்தது என்று மூச்சுவிடாமல் அடுக்கினார். "முக்கியமான கோபுரம் இப்போது இல்லையே, ஏன்?" என்று திருப்பூர் அம்மாள் கேட்டார். பக்கத்தில் அமெரிக்கத் தம்பதி நின்றுகொண்டிருந்தார்கள். வழிகாட்டி தொண்டையைச் செருமினார். "1969-இல் குண்டு விழுந்தது." விழுந்தது, அவ்வளவுதான். ஆலங்கட்டி மழை விழுகிற மாதிரி அதுவும் வானத்திலிருந்து தானாகவே விழுந்தது. அமெரிக்கர்கள் இல்லாத நாளில் குண்டு போட்டவர் யார் என்பதும் அவருக்கு ஞாபகம் வருமாக இருக்கும். ராஜதந்திரிகள் இவரிடம் ஆறு மாதம் பயிற்சிக்கு வரலாம்.

தன் ஊர்க்காரர்களுக்கென்று அவர் வைத்துக்கொண்ட பங்கு ஒன்றுதான். தான் கீ வீட்டின் சுவரில், வெள்ளம் வந்த உயரங்களைக் கோடு போட்டு ஆண்டு எழுதி வைத்திருக்கிறார்கள். 1964-க்கான கோடு என் தலைக்கு மேலே இருந்தது. சாமான்களை மாடிக்குத் தூக்க மேல்தளத்தில் திறப்பு விட்டிருக்கிறார்கள். "இது யாருடைய முன்னோரும் கொண்டு வந்ததில்லை, எங்களுடையதே" என்றார். வருஷா வருஷம் தண்ணீர் வருமாம். அலமாரியை மேலே ஏற்றிவிட்டு, மாடியில் உட்கார்ந்து பீர் குடிப்பார்களாம். படகுக்காரர்களுக்கு அன்றைக்குக் கட்டணம் கூடுதல்.

அதே வீட்டில் ஒரு கன்பூசியஸ் கோப்பை உண்டு. முக்கால் பங்குக்கு மேல் கொஞ்சம் ஊற்றினால், மொத்தமும் அடியில் ஒழுகிவிடும். பேராசை கூடாது என்பதற்கான பாடம் என்றார். இதைச் சொன்ன கையோடு எங்களைத் துணிக்கடைக்கு அழைத்துப் போனார்.

ஹோய் ஆனில் தையல் கடை இல்லாத தெருவைத் தேட வேண்டும். காலையில் அளவு கொடுத்தால் மறுநாள் கோட்டு சூட்டு தயார். "வாங்க வேண்டாம், பார்த்தால் போதும். என் அக்கா கடை" என்பார் வழிகாட்டி. அந்த ஊரில் அவருக்கு அக்காக்கள் நிறைய. விளக்குக் கடையில் ஒரு அக்கா, காபிக் கடையில் ஒரு அக்கா. அத்தனை பேருக்கும் வெவ்வேறு ஜாடை. அன்றைக்கு மட்டும் அக்காவுக்கு நேரம் சரியில்லை. சுத்தப் பட்டு என்று விரித்த துணியைத் திருப்பூர்க்காரர் கட்டைவிரலால் தேய்த்தார், வெளிச்சத்தில் பிடித்தார், ஓரத்தில் ஒரு நூலை உருவினார். "ஏம்மா, தீப்பெட்டி இருக்குங்களா?" கொளுத்திப் பார்த்தால் பட்டு மயிர் கருகும் நாற்றம் அடித்துப் பொடியாக வேண்டும். இது உருகி உருண்டையாக நின்றது. அவர் யாரையும் குற்றம் சொல்லவில்லை. தொழில்காரர் தொழில்காரரைப் பார்க்கும் பரிவோடு, "பாலியஸ்டர் கலப்புங்க. ஆனா ஃபினிஷிங் அருமை" என்று தமிழில் பாராட்டினார். வழிகாட்டி அதை மொழிபெயர்க்கச் சொல்லவில்லை. கடிகாரத்தைப் பார்த்து, படகுக்கு நேரமாயிற்று என்றார்.

போகிற வழியில் காவ் லாவ். இந்த ஊருக்கே உரிய நூடுல்ஸ். மாவு பிசையத் தண்ணீர் பா லே கிணற்றிலிருந்து, சாம்பல் சாம் தீவின் மரங்களிலிருந்து என்பது மரபு. கிண்ணத்தையும் பங்கு போட்டார்: தடித்த நூடுல்ஸ் ஜப்பானியருக்கு, பன்றி இறைச்சி சீனருக்கு, கீரை வியட்நாமுக்கு. சைவக் கிண்ணம் கேட்ட திருப்பூர் அம்மாளுக்கும் அவருக்கும் நடந்த உரையாடலை அப்படியே தருகிறேன்.

"இதில் மீன் இருக்கிறதா?"

"இல்லை."

"மீன் சாஸ்?"

"இருக்கிறது."

"அது மீன் இல்லையா?"

"இல்லை. அது சாஸ்."

அம்மாள் கைப்பையைத் திறந்து தட்டுவடையை எடுத்தார். எனக்கும் இரண்டு கிடைத்தது.

படகு கிளம்பியது. ஆற்று வழியே காம் தான் நோக்கி. தண்ணீரில் நிற்கும் நீப்பா பனங்காட்டுக்குள் கூம்புத் தொப்பி அணிந்த பெண்கள் வட்டப் படகுகளோடு காத்திருந்தார்கள். மூங்கில் பிளாச்சால் பின்னி, நீர் புகாமல் பூச்சுப் போட்டவை. பிரெஞ்சுக்காரர்கள் படகுக்கு வரி போட்டபோது, "இது படகில்லை, கூடை" என்று சொல்லித் தப்பித்தார்கள் என்பது கதை. இந்தக் கதையை வழிகாட்டி சொல்லும்போது அவர் குரலில் இருந்த பூரிப்பைக் கேட்டால், வரியை ஏய்த்தது அவர் தாத்தாவேதான் என்று நினைக்கத் தோன்றும். "ஏனுங்க, இது நம்ம ஒகேனக்கல் பரிசலுங்க!" என்று திருப்பூர் அம்மாள் கூவினார். பரிசல் சுற்றும் வித்தையும் அதே வித்தைதான். என்ன, காவிரியில் பின்னணி இசை கிடையாது. இங்கே கொரியப் பயணிகளின் புண்ணியத்தில் ஒலிபெருக்கியில் 'கங்னம் ஸ்டைல்' அலற, ஓர் ஆள் பரிசலில் நின்றபடி பம்பரமாகச் சுழன்றார். போர்க்காலத்தில் கொரில்லாக்கள் மூச்சுக் காட்டாமல் ஒளிந்திருந்த காடு இது.

ஐஸ்லாந்துக்காரர் படகின் முனையில் தனியாக உட்கார்ந்திருந்தார். ஊரில் எல்லோருக்கும் பாகம் பிரித்தாயிற்று, அவருக்கு ஒரு செங்கல்கூட விழவில்லை. எனக்குப் பாவமாக இருந்தது. 1620-களில் யோன் ஓலாஃப்ஸன் என்கிற ஐஸ்லாந்துக்காரர் எங்கள் தரங்கம்பாடிக்கு வந்து, டேனிஷ் கோட்டையில் பீரங்கிப் படையில் வேலை பார்த்தார், ஊர் திரும்பித் தன் வரலாறு எழுதினார் என்று சொன்னேன். மனிதர் முகம் மலர்ந்தது. வழிகாட்டி என்னைத் திரும்பிப் பார்த்த பார்வையில் தொழில் போட்டி இருந்தது. அவருடைய ஆற்றில், அவருடைய வாடிக்கையாளருக்கு, வேறொருத்தன் முன்னோரை விற்கிறான்!

அவர் அடுத்த கணமே எழுந்தார். ஒரு படகுக்காரப் பெண்ணிடம் ஏதோ சொல்லித் துடுப்பை வாங்கினார். ஐஸ்லாந்துக்காரரைப் பரிசலில் இறக்கி, துடுப்பைக் கையில் திணித்தார். ஆறடி மனிதர் துடுப்புப் போட, பரிசல் முன்னே போகாமல் நின்ற இடத்தில் மூன்று சுற்றுச் சுற்றியது. எல்லோரும் கை தட்டினோம். வழிகாட்டி ஒலிபெருக்கியைக் கூட்டி அறிவித்தார்:

"பாருங்கள், என் குடும்பமே! நாளைக் காலை எட்டு மணியிலிருந்து நான் இதையும் சொல்வேன். சீனர்கள் வந்தார்கள், ஜப்பானியர்கள் வந்தார்கள், பிறகு படகு ஓட்டத் தெரியாத ஐஸ்லாந்துக்காரர்கள் வந்தார்கள்."