வளவுக்குள் ஒரு கறுப்பு வெள்ளைக்காரர்

கே: எங்கள் வளவில் வாலை நிமிர்த்திக்கொண்டு திரியும் கறுப்பு வெள்ளைக் குருவி எது? (உவர்மலை வாசகி)

ப: குண்டுக்கரிச்சான். தலை, மார்பு, முதுகு எல்லாம் மினுங்கும் கறுப்பு, வயிறு வெள்ளை. மடக்கிய சிறகில் நீளமாக ஒரு வெள்ளைக்கோடு ஓடும், அதைக் கண்டால் சந்தேகமே வேண்டாம். கூடவே சாம்பல் நிறத்தில் ஒன்று திரிந்தால் அது பெட்டை. வங்கதேசத்தின் தேசியப் பறவை உங்கள் கிணற்றடியில் புழு பொறுக்குகிறது, பெருமைப்படுங்கள்!

கே: மெல்பேணில் மகன் சைக்கிளில் போனால் ஒரு கறுப்பு வெள்ளைப் பறவை தலையில் கொத்த வருகிறதாம். அதுவும் கரிச்சானா? (சீனன்குடா வாசகர்)

ப: இல்லை, அது அவுஸ்திரேலிய மேக்பை. நம் கரிச்சான் 20 சென்ரிமீற்றர் வரும், அது காகமளவு. அங்கே குடியேறிய ஆங்கிலேயர் நிறத்தைப் பார்த்துத் தங்கள் ஊர்ப் பறவையின் பெயரை வைத்துவிட்டார்கள். ஐரோப்பிய மேக்பை காகக் குடும்பம், அவுஸ்திரேலியப் பறவை வேறு குடும்பம், கரிச்சானோ ஈப்பிடிப்பான்களின் குடும்பம். நிறம்தான் ஒன்று, உறவு தூரம். கொத்த வருவது பெரும்பாலும் ஆண். அதுவும் கூட்டில் முட்டையோ குஞ்சோ இருக்கும் சில வாரங்கள்தான். அங்கே அது ஓகஸ்ட் முதல் ஒக்டோபர் வரையான காலம். அந்த மரத்தடியில் மகன் இறங்கி நடக்கட்டும், இல்லையென்றால் வேறு வழியால் போகட்டும். கல் மட்டும் எறிய வேண்டாம்: அது சட்டம் பாதுகாக்கும் பறவை, ஆட்களின் முகத்தையும் நினைவில் வைத்திருக்கும்.

கே: விடிந்தால் என் மோட்டார் சைக்கிள் கண்ணாடியைக் கரிச்சான் கொத்துகிறது. பைத்தியமா? (உப்புவெளி வாசகர்)

ப: நல்ல தெளிவோடுதான் இருக்கிறது. கண்ணாடிக்குள் தெரிவது தன் எல்லைக்குள் புகுந்த இன்னொரு ஆண் என்று நம்புகிறது. விடியற்காலையில் உச்சிக்கொப்பில் இருந்து பாடுவதும் பாதி இந்த எல்லைக்காகத்தான். பழைய துணிப்பையால் கண்ணாடியை மூடிவிடுங்கள். எதிரி போய்விட்டால் பாட்டு மட்டும் மிஞ்சும்.

கே: கிண்ணியாப் பக்கம் அந்தரத்தில் நின்று நீருக்குள் பாயும் கறுப்பு வெள்ளைப் பறவை?

ப: கறுப்பு வெள்ளை மீன்கொத்தி. நெஞ்சில் இரண்டு கறுப்புப் பட்டை என்றால் ஆண், ஒன்று என்றால் பெண்.

கே: மதில் ஓட்டையில் கரிச்சான் கூடு. மேசன் பூச வந்திருக்கிறார். அடைக்கலாமா?

ப: அடைக்கவே கூடாது. முட்டை பொரிக்க இரண்டு வாரம், குஞ்சு பறக்க இன்னும் இரண்டு வாரம் என்று வையுங்கள். பட்ட மரத்துப் பொந்தில் கூடு வைக்கும் பறவை. மரத்தை நாம் தறித்துவிட்டால் அதற்கு மதில்தான் மிச்சம். மேசனை மற்றப் பக்கத்தைப் பூசச் சொல்லுங்கள். பூனை வராமலும் பார்த்துக்கொள்ளுங்கள்.