குமிழித் தொட்டியின் குடித்தனக்காரர்கள்

நகம் அழகுபடுத்தும் நிலையத்துக்குள் நுழைகிறவர் பார்ப்பது சாயப் புட்டிகளை; பார்க்க வேண்டியதோ கால் ஊறவைக்கும் சுழல்நீர்த் தொட்டியின் வடிகட்டியை. 2000ஆம் ஆண்டு, கலிஃபோர்னியாவின் வாட்சன்வில் நகரில், ஒரே நிலையத்துக்குப் போன நூற்றுக்கும் மேற்பட்டோரின் கால்களில் கட்டிகள் கிளம்பின. பத்துத் தொட்டிகளைச் சோதித்தார்கள். பத்திலும் மைக்கோபாக்டீரியம் ஃபார்டூயிட்டம் என்ற கிருமி குடித்தனம் நடத்திக்கொண்டிருந்தது. வடிகட்டிக்குப் பின்னால் முந்தைய வாடிக்கையாளர்களின் முடியும் தோல்துணுக்கும் தேங்கிக் கிடந்தன. வீட்டிலேயே காலை மழித்துக்கொண்டு லட்சணமாக வந்தவர்களுக்குத்தான் ஆபத்து அதிகம். கிருமிக்கு வாசலைத் திறந்து வைத்த உபசாரம்! கத்தரியைக் கிருமிநீக்கம் செய்கிறார்களே என்பீர்கள். சரி, தொட்டியை? அரிய நோய்தானே என்றும் சொல்லலாம். அரிதுதான், ஆனால் வந்த கட்டிகள் ஆற மாதக்கணக்கானது, தழும்பு இலவசம். ஆகவே மழிப்பதை மறுநாளுக்குத் தள்ளுங்கள். சாயத்தின் நிறத்தைக் கேட்கும்முன் வடிகட்டியைக் கடைசியாகக் கழற்றிக் கழுவியது எப்போது என்று கேளுங்கள். பதில் வராவிட்டால் செருப்பை மாட்டிக்கொண்டு கிளம்புங்கள்.