கிடாயைவிடக் கொஞ்சம் பெரிய சிங்கம்

சிங்கப்பூர் போய்வந்த மாமாவோ, சித்தப்பா பையனோ உங்கள் வீட்டிலும் ஒருவர் இருப்பார். அவர் கொண்டுவந்த கோடாலித் தைலம் என்றைக்கோ தீர்ந்திருக்கும். ஆனால் மேஜை டிராயரைக் குடைந்தால் ஒன்றிரண்டு சில்லறைக் காசு கிடைக்கும். எடுத்துப் பாருங்கள். ஓரத்தைச் சுற்றி நாலு மொழியில் ஊர்ப் பெயர்; அதில் ஒன்று நம்ம தமிழ். புல்லரித்து முடித்ததும் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு நடுவில் இருக்கும் அரசுச் சின்னத்தைப் பாருங்கள். கேடயத்துக்கு ஒரு பக்கம் சிங்கம். மறுபக்கம்? புலி!

சிங்கபுரத்தில் சிங்கம் நிற்பது நியாயம். புலிக்கு என்ன வேலை? மலேசியாவோடு இருந்த பழைய உறவுக்கு அடையாளமாம். அதிகாரபூர்வமான பதில். எனக்கென்னவோ அது நஷ்ட ஈடாகத்தான் தெரிகிறது.

கதையைக் கேளுங்கள். பலெம்பாங் இளவரசர் சாங் நீல உத்தமர் கடலில் வருகிறார். புயல். மூட்டை முடிச்சையெல்லாம் தூக்கிக் கடலில் போட்டும் கப்பலின் பாரம் குறையவில்லை. கடைசியில் கிரீடத்தைக் கழற்றி எறிந்தாராம், அலை அடங்கிவிட்டதாம். (எத்தனை கிலோ கிரீடமோ!) தலை காலியாகக் கரையேறியவர் முன்னால் ஒரு மிருகம் ஓடியது. சிவப்பு உடம்பு, கறுப்புத் தலை, வெள்ளை நெஞ்சு, கிடாயைவிடக் கொஞ்சம் பெரிய சைஸ். ‘செஜாரா மெலாயு’ என்ற பழைய மலாய் நூல் கொடுக்கும் அங்க அடையாளம் இது. என்ன மிருகம் என்று கேட்டால் ஒருத்தருக்கும் தெரியவில்லை. கூட வந்த பெரியவர் ஒருவர், அந்தக் காலத்துச் சிங்கம் இப்படித்தான் இருக்கும் என்று கேள்வி, என்று சொல்லி வைத்தார். ஊர் சிங்கபுரம் ஆனது.

அந்தத் தீவில் சிங்கம் வாழ்ந்ததே கிடையாது. புலி இருந்தது, அதுவும் இருபதாம் நூற்றாண்டு வரைக்கும். ஆனால் இப்போதுதான் கிரீடத்தைத் தொலைத்துவிட்டு நிற்கிற ராஜாவிடம் போய், “அது ஏதோ காட்டுப் பூனைங்க” என்று சொல்ல யாருக்கு மனசு வரும்?

நடுவில் ஐநூறு வருஷத்தைத் தாண்டுவோம். 1819-இல் வெள்ளைக்கார அதிகாரி ராஃபிள்ஸ் வந்து இறங்கினார். மூன்று வருஷத்தில் ஊருக்கு ஒரு பிளானும் போட வைத்தார். சீனர் இந்தப் பக்கம், அரபுக்காரர் அந்தப் பக்கம், புகிஸ்காரர் அதற்கும் அப்பால், நம்ம ஆட்களுக்குச் சூலியா கம்பம். நம் ஊரில் தெருவுக்குத் தெரு பார்க்கிற வேலையை அவர் பேப்பரில் பென்சில் வைத்துச் செய்தார், அவ்வளவுதான்.

வெள்ளைக்காரன் போனதும் புதிதாக விடுதலை வாங்கிய நாடுகள் செய்த முதல் வேலை, அவன் சிலையைப் பெயர்த்ததுதான். சிங்கப்பூருக்கு ஐ.நா. அனுப்பிய ஆலோசகர், டச்சுக்காரரான வின்செமியஸ், ராஃபிள்ஸ் சிலையில் மட்டும் கை வைக்காதீர்கள், முதலீடு போட வருகிறவன் பயந்துவிடுவான் என்றார். சரி என்று விட்டுவிட்டார்கள். தேசபக்தியை விடவும் ஃபாக்டரி முக்கியம் என்று வெளிப்படையாக ஒப்புக்கொள்ள ஒரு தைரியம் வேண்டும்.

மற்ற நாடுகள் சுதந்திரத்துக்காக ஜெயிலுக்குப் போயின. சிங்கப்பூருக்கு அது 1965 ஆகஸ்ட் 9, திங்கட்கிழமை காலை பத்து மணிக்கு, ரேடியோவில் ஓடிக்கொண்டிருந்த பாட்டை நடுவில் நிறுத்திவிட்டு வந்தது. மலேசியா என்ற கூட்டுக்குடும்பத்தில் சேர்ந்து இரண்டு வருஷம்கூட ஆகவில்லை. அதற்குள் பெட்டி படுக்கையோடு தனிக்குடித்தனம். மலேசிய நாடாளுமன்றத்தில் 126 பேர் ஆதரவு, எதிர்ப்பு பூஜ்யம். போகாதே என்று ஒப்புக்குக்கூட ஒருத்தர் சொல்லவில்லை!

அன்றைக்கு நடந்த பிரஸ் மீட்டில் பிரதமர் லீ குவான் யூ பேச முடியாமல் உடைந்து அழுதார். ஊரையே விறைப்பாக நிற்கவைக்கப் போகிற மனிதர், டிவி காமெரா முன்னால் கைக்குட்டையோடு. அந்தக் காட்சியை மட்டும் வெட்டிவிட முடியுமா என்று ஒளிபரப்புத் துறைத் தலைவரிடம் கேட்டார். தலைவர் பெயர் பி.எஸ்.ராமன். நம்ம ஊர் ரத்தம். வெட்டினால் பத்திரிகைக்காரர்கள் இன்னும் மோசமாக எழுதுவார்கள், அப்படியே போகட்டும் என்றார் ராமன். இன்றைக்கு அந்த நாட்டின் சரித்திரத்திலேயே அதிகம் பார்க்கப்படும் காட்சிகளில் ஒன்று அந்த அழுகைதான்.

துரத்திவிட்டார்கள் என்பது பாடப்புத்தகக் கதை. நிதியமைச்சர் கோ கெங் சுவீ ‘ஆல்பட்ராஸ்’ என்று பெயர் எழுதி ஒரு ஃபைல் வைத்திருந்தார். அதில் இருந்ததெல்லாம் பிரிவினை சமாச்சாரம். ஜூலை மாதமே மலேசியத் துணைப்பிரதமர் ரசாக்கோடு உட்கார்ந்து பேச்சையும் தொடங்கிவிட்டார். பேசுவதற்கு லீயே எழுத்தில் அனுமதியும் கொடுத்திருந்தார். நம் வீடுகளில் மட்டும் என்ன? வாசலில் ஒரு மகன் தேம்பிக்கொண்டிருப்பான், பாகப் பத்திரம் ஏற்கெனவே டைப் ஆகியிருக்கும்.

தனிக்குடித்தனம் வந்தாயிற்று, கதவுக்குத் தாழ்ப்பாள் வேண்டாமா? ஐந்து பட்டாலியன் ராணுவம் கட்டியெழுப்ப உதவுங்கள் என்று லீ இந்தியாவுக்குக் கடிதம் எழுதினார். பிரதமர் சாஸ்திரி பதில் போட்டார், மக்கள் மகிழ்ச்சியும் வளமும் பெற மனமார்ந்த வாழ்த்துகள் என்று. பட்டாலியன் பற்றி ஒரு வரி இல்லை. கடன் கேட்டவனுக்கு ஆசீர்வாதம் அனுப்புகிற கலை நமக்குப் புதிதா என்ன!

கடைசியில் இஸ்ரேலியர்கள் வந்தார்கள். சுற்றிலும் முஸ்லிம் நாடுகள். விஷயம் வெளியே தெரிந்தால் வம்பு. யோசித்தார்கள். வந்தவர்களுக்கு ‘மெக்ஸிகோக்காரர்கள்’ என்று பெயர் வைத்தார்கள். வெயிலில் கறுத்த முகம்தானே, யார் கண்டுபிடிக்கப் போகிறார்கள் என்ற நம்பிக்கை. சிங்கமே இல்லாத சிங்கபுரத்துக்கு மெக்ஸிகோ போகாத மெக்ஸிகோக்காரர்கள் பயிற்சி கொடுத்தார்கள்.

லீ ஹாக்கியன் என்ற சீனக் கிளைமொழி படித்த கதை இன்னும் ஜோர். வீட்டில் ‘ஹாரி’ என்று கூப்பிட்டு வளர்ந்த கேம்பிரிட்ஜ் வக்கீல் அவர். 1961 இடைத்தேர்தலில் சீனத் தொழிலாளர்களிடம் ஓட்டுக் கேட்க வேண்டுமானால் ஹாக்கியன் பேசியாக வேண்டும். நாற்பதை நெருங்குகிற வயசில் உட்கார்ந்து படித்தார். முதல் கூட்டத்தில் பேச ஆரம்பித்ததும் முன்வரிசைப் பொடிசுகள் விழுந்து விழுந்து சிரித்தன. சிரிக்காதீங்க, கத்துக்கிட்டிருக்கேன் என்று கெஞ்சினார். அசராமல் படித்து நன்றாகவே பேச வந்துவிட்டது. 1979-இல் ‘மாண்டரின் பேசுங்கள்’ இயக்கத்தைத் தொடங்கி வைத்து, ஹாக்கியனை டிவியிலிருந்தும் ரேடியோவிலிருந்தும் மெல்ல ஓரங்கட்டியவரும் அவரேதான். பொடிசுகள் மேல் அத்தனை கோபம் இருந்திருக்கிறது பாருங்கள்.

ஒரு தேசம் என்றால் உறுதிமொழி வேண்டாமா? 1966-இல் அதை எழுதியவர் வெளியுறவு அமைச்சர் எஸ்.ராஜரத்தினம். பிறந்தது யாழ்ப்பாணத்து வட்டுக்கோட்டையில், வளர்ந்தது மலாயாவின் செரம்பானில், கட்டியது ஹங்கேரிப் பெண்ணை. லண்டனுக்குச் சட்டம் படிக்கப் போய், முடிக்காமல் பத்திரிகைக்காரராகத் திரும்பியவர். இனம், மொழி, மதம் எதையும் பார்க்காதே என்று எழுத இவரைவிடத் தகுதியான ஆள் கிடைக்குமா? எழுதியது ஆங்கிலத்தில். தமிழ்ப் பிள்ளைகள் வலது கையை மடக்கி நெஞ்சில் வைத்துச் சொல்கிறார்களே, அந்தத் தமிழ் உறுதிமொழி ஒரு தமிழர் எழுதியதன் மொழிபெயர்ப்பு!

இனம் பார்க்காதே என்று காலையில் சொல்லிவிட்டு, மத்தியானம் ஃபாரம் நிரப்பும்போது இனம் என்ன என்று கேட்பார்கள். சீனர், மலாய், இந்தியர், மற்றவர் என்று நாலு டப்பா. முதல் மூன்றில் அடங்காதவர் எல்லாம் நாலாவதில். பிரிவினைப் பத்திரத்தையே வரைந்த சட்ட அமைச்சர் பார்க்கர் யுரேசியர், ஆகவே மற்றவர். தேசிய மலரான ‘வாண்டா மிஸ் ஜோக்விம்’ ஆர்க்கிட் இரண்டு இனத்தைக் கலந்து உருவான பூ. உருவாக்கிய ஆக்னஸ் ஜோக்விம் அம்மையார் ஆர்மீனியர். அதுவும் மற்றவர்தான். இந்த மற்றவர்களை எடுத்துவிட்டால் பாவம், சிங்கப்பூருக்குப் பூவும் இல்லை, விடுதலைப் பத்திரமும் இல்லை.

கம்பத்து (அதாவது கிராமத்து) குடிசையிலிருந்து ஜனங்களை அடுக்குமாடிக்கு மாற்றியது தனிக்கூத்து. லிஃப்ட் இருந்தும், வளர்த்த பன்றிகளைத் தாஜா செய்து படிக்கட்டில் ஏற்றிக்கொண்டு போனார்கள் சிலர். அடுப்படியில் கோழிக்கும் வாத்துக்கும் தடுப்புக் கட்டியவர்களும் உண்டு. பன்றி போனது. அடுத்து வந்தது லிஃப்டுக்குள் ஒதுங்குகிற பிரச்சினை. அதற்கு அப்போது ஒரு கருவி வைத்தார்கள். உள்ளே ஈரம் பட்டால் லிஃப்ட் நின்று, கதவு பூட்டிக்கொள்ளும். போலீஸ் வந்து திறக்கும்வரை மகானுபாவர் தன் கைவண்ணத்தோடு உள்ளேயே நிற்க வேண்டியதுதான்.

முடி வெட்டாதவர்களையும் விடவில்லை. எழுபதுகளில் அரசு ஆபீஸ்களில் படத்தோடு போஸ்டர். புருவத்தைத் தொட்டால், காதை மூடினால், காலருக்குக் கீழே இறங்கினால் நீண்ட முடி. அப்படிப்பட்ட ஆண்களைக் கடைசியாகத்தான் கவனிப்போம். 1972-இல் லெட் ஜெப்லின் கோஷ்டி கச்சேரி செய்ய முடியாமல் போனதும் இதனால்தான். நம்ம ஊர் ஆபீஸ்களில் இந்தப் பாரபட்சமெல்லாம் கிடையாது. முடி இருந்தாலும் இல்லாவிட்டாலும் கடைசியில்தான்.

1989-இல் அடுக்குமாடிக்கும் கணக்குப் போட்டார்கள். ஒரு பிளாக்கில் சீனர் 87 சதவீதம் வரை, மலாய்க்காரர் 25 வரை, இந்தியரும் மற்றவரும் சேர்த்து 13 வரை. கூட்டினால் 125 வருகிறதே என்று பதறாதீர்கள், இதெல்லாம் உச்சவரம்பு. ராஃபிள்ஸ் பிரித்து வைக்கப் பென்சிலை எடுத்தார், இவர்கள் கலந்து வைக்கக் கால்குலேட்டரை எடுத்தார்கள். ஓர் இனத்தின் கணக்கு நிரம்பிவிட்டால், வீட்டை வேறு இனத்தாருக்கு விற்கலாம். அந்த இனத்தாருக்கே விற்க வேண்டுமென்றால் விற்பவரும் அதே இனமாக இருக்க வேண்டும். புரியவில்லையா? அங்கே ஹவுஸ் புரோக்கருக்கு மானுடவியலும் தெரிந்திருக்க வேண்டும்.

நாலு டப்பாவையும் காதல் மதிக்கவில்லை. அப்பா தமிழர், அம்மா சீனர் என்றால் பிள்ளையைச் ‘சிண்டியன்’ என்று செல்லமாகக் கூப்பிடுகிறார்கள். டப்பாக்காரர்களுக்குத்தான் தலைவலி. 2011 முதல் நடுவில் ஒரு சின்னக் கோடு போட்டு இரண்டு இனத்தையும் பதிந்துகொள்ளலாம் என்று இறங்கி வந்தார்கள். இந்தியர்-சீனர் என்றும் போடலாம், சீனர்-இந்தியர் என்றும் போடலாம்.

ஆனால் வீட்டுக் கணக்கில் முன்னால் இருக்கும் பெயர்தான் செல்லும். ஆக, ஆஸ்பத்திரியில் குழந்தை இன்னும் கண்ணே திறந்திருக்காது. தொட்டிலுக்கு இந்தப் பக்கம் அப்பத்தா, அந்தப் பக்கம் சீனப் பாட்டி. குழந்தைக்கு யார் ஜாடை என்றா பேசுகிறார்கள்? கோட்டுக்கு முன்னால் யார் என்றுதான்.