முதல் செமஸ்டர் வக்கீல்

ஐந்தாண்டுச் சட்டப் படிப்பில் சேர்ந்து நாற்பது நாள்தான் ஆகிறது. கறுப்பு கோட்டு இன்னும் டெய்லரிடம் இருக்கிறது. ஆனால் அப்பாவின் ஸ்கூட்டரில் வழக்கறிஞர் ஸ்டிக்கர் ஏறிவிட்டது. இவர்தான் முதல் செமஸ்டர் வக்கீல். தெருவுக்கு ஒருவராவது இருப்பார்.

காலையில் அம்மா, "அரை லிட்டர் பால் வாங்கிட்டு வாடா" என்கிறார். "இது வெறும் ஆஃபர்தாம்மா. நான் இன்னும் அக்செப்ட் பண்ணலை" என்று கட்டிலில் இருந்தபடியே பதில் வருகிறது. அம்மா தோசைக் கரண்டியோடு அறை வாசலுக்கு வந்ததும் அக்செப்ட் ஆகிவிடுகிறது. 1872ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டம் கேட்கும் சுதந்திரமான சம்மதம் அதில் இருந்ததா என்பதைப் பால் பூத் வரை ஆராய்ந்துகொண்டே போகிறார்.

இவர் வாயில் எப்போதும் ஒரு பழைய வழக்கு ஊறிக்கொண்டிருக்கும். செல்லப் பிள்ளை, லண்டன் கார்லில் அம்மையார் வழக்கு. "எங்கள் புகைப் பந்தைச் சொன்னபடி உறிஞ்சியும் இன்ஃப்ளூயன்ஸா வந்தால் 100 பவுண்டு பரிசு, நம்பிக்கைக்கு வங்கியில் 1,000 பவுண்டு போட்டிருக்கிறோம்" என்று ஒரு கம்பெனி விளம்பரம் செய்தது. அம்மையார் தினம் மூன்று வேளை உறிஞ்சினார், காய்ச்சல் வந்தது, பணம் கேட்டார். விளம்பரத்தில் சும்மா சொன்னோம் என்றது கம்பெனி. சும்மா சொல்பவன் வங்கியில் ஏன் பணம் போடுகிறான் என்று கேட்டு, 1892இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் அம்மையார் பக்கம் நின்றது. இந்தக் கதையைக் கேட்டிராத உறவினர் இவருக்குக் கிடையாது. டி.வி.யில் சிவப்பழகு க்ரீம் விளம்பரம் வந்தாலே வீட்டில் எல்லோரும் எழுந்து போய்விடுகிறார்கள்.

கற்றது ஒருநாள் திரும்பிக் கடிக்கவும் செய்தது. பிளஸ் டூவில் நல்ல மார்க் வாங்கினால் பைக் வாங்கித் தருவதாக அப்பா சொல்லியிருந்தார். அதை இவர் நினைவூட்டினார். அப்பா பேப்பரிலிருந்து தலையை எடுக்கவில்லை.

"இலங்கையில இரிகேஷன் டைரக்டரா இருந்தவர் ஒருத்தர், இங்கிலாந்துல இருந்த பொண்டாட்டிக்கு மாசம் 30 பவுண்டு தர்றேன்னார். குடும்பத்துக்குள்ள சொல்ற வாக்கு ஒப்பந்தம் ஆகாதுன்னு 1919லயே தீர்ப்பாயிடுச்சு. போன வாரம் நீதானடா சொன்ன?"

அந்தப் பால்ஃபர் வழக்கை இவர் அதற்குப்பின் வீட்டில் எடுக்கவே இல்லை.

வகுப்பில் இவருக்கு இரண்டு வாத்தியார்கள். ஒருவர் நோட்ஸ் சார். மேசையில் பழுப்பேறிய கட்டு. கண் அதில், வாய் வகுப்பில். "கமா... ஃபுல்ஸ்டாப்... நெக்ஸ்ட் பாரா." 2024 ஜூலை 1 அன்று 511 பிரிவுகள் கொண்ட இந்திய தண்டனைச் சட்டம் போய், 358 பிரிவுகளோடு பாரதிய நியாய சன்ஹிதா வந்தபோது, சார் அசரவில்லை. 302ஐப் பென்சிலால் அடித்து மேலே 103 என்று எழுதிக்கொண்டு தொடர்ந்தார். கொலை அதே பாராவில், அதே கமாவோடு நடந்தது. நம்மவருக்குத்தான் சிரமம். "அவன் ஒரு ஃபோர் ட்வென்டி" என்று மாமா யாரையோ திட்டினால், "இப்போ அது 318 மாமா" என்று திருத்துகிறார். முந்நூற்றுப் பதினெட்டு என்று திட்டினால் யாருக்கு உறைக்கும்?

இன்னொருவர், உரையில்லாத மூலச் சட்டப் புத்தகமான பேர் ஆக்டை மட்டும் கையில் எடுத்துவரும் மேடம். திருட்டுப் பாடத்தன்று வந்தவுடன் முதல் பெஞ்சிலிருந்த நம்மவரின் பேனாவை எடுத்துத் தன் பையில் போட்டுக்கொண்டார்.

"இது திருட்டா?"

"இல்லை மேடம்."

"ஏன்? நான் டீச்சர்னா?"

"நேர்மையில்லாத எண்ணம் இல்லையே மேடம்."

"என் எண்ணம் உங்களுக்கு எப்படித் தெரியும்? சரி, அந்த எண்ணத்தோட பேனாவை மேசையிலேயே கொஞ்சம் நகர்த்தியிருந்தா?"

வகுப்பு இரண்டு கட்சியாகப் பிரிந்தது. பிறகுதான் மேடம் புத்தகத்தைத் திறக்கச் சொன்னார். சட்டத்திலேயே ஓர் உதாரணம் இருக்கிறது: ஒருவன் நாய்க்குப் பிடித்த தீனியைப் பையில் போட்டுக்கொண்டு அடுத்தவர் நாயைத் தன் பின்னால் வரவைக்கிறான். கவர்ந்து போகும் எண்ணம் இருந்தால், நாய் பின்தொடரத் தொடங்கிய கணமே திருட்டு முடிந்துவிட்டது. மணி அடித்த பிறகும் நாயைப் பற்றிய சண்டை கேன்டீன் வரை போனது. பேனாவைக் கேட்க நம்மவருக்கு மறந்தே போயிற்று. ஹார்வர்டு சட்டப் பள்ளியில் 1870 முதல் பேராசிரியர் லாங்டெல் கொண்டுவந்த முறையும் ஏறக்குறைய மேடத்தின் இந்த வழிதான்: சொற்பொழிவைக் குறைத்து, தீர்ப்பைக் கையில் கொடுத்து, கேள்வியாகக் கேட்டுத் துளைப்பது.

இவரின் உண்மையான பரீட்சை தீபாவளிக்கு வந்தது. ஊரிலிருந்து வந்த பெரியப்பா, தான் வாங்கப்போகும் மனையின் வில்லங்கச் சான்றை நீட்டி, "பாத்து சொல்லுப்பா, வக்கீலு" என்றார். புகைப் பந்து வழக்கும் நத்தை விழுந்த ஜிஞ்சர் பீர் வழக்கும் தெரிந்தவருக்கு அந்தக் காகிதத்தில் எது விற்பவர் பெயர், எது வாங்குபவர் பெயர் என்று பிடிபடவில்லை. இரண்டு முறை திருப்பிப் பார்த்தார். "சீனியர்கிட்ட கேட்டுச் சொல்றேன் பெரியப்பா." சீனியர் என்றால் இரண்டாம் ஆண்டு.

அடுத்த வாரம் மேடத்திடமே அதை எடுத்துப்போனார். மேடம் விளக்கவில்லை. "ஒவ்வொரு வரிக்கும் ஒரு கேள்வி எழுதிட்டு வாங்க" என்று திருப்பி அனுப்பினார். இவர் இரண்டு ராத்திரி உட்கார்ந்தார். பிறகு பெரியப்பாவுக்குப் போன் செய்தார்.

"2011ல இந்த இடத்தை அடமானம் வச்சதா பதிவாயிருக்கு. கடன் தீர்ந்ததுக்கு ரசீது ஆவணம் ஒண்ணும் காணோமே பெரியப்பா. விக்கிறவர்கிட்ட கேட்டீங்களா?"

மறுமுனையில் சற்று நேரம் சத்தமே இல்லை. பெரியப்பா அந்த வாரம் கொடுக்க இருந்த அட்வான்ஸைக் கொடுக்கவில்லை. அடுத்த முறை வந்தபோது ஒரு பை நிறைய முறுக்கு கொண்டுவந்தார்.

இவர் படிப்பை முடித்து, 1961ஆம் ஆண்டு வழக்கறிஞர் சட்டப்படி பார் கவுன்சிலில் பதிவு செய்து, அகில இந்திய வழக்கறிஞர் தேர்விலும் தேற வேண்டும். அதுவரை யோசனைக்குக் கட்டணம் முறுக்குதான். ஸ்கூட்டரில் ஒட்டிய ஸ்டிக்கரை மட்டும் தயவுசெய்து இப்போதே கிழித்துவிடலாம்.