ஏ.சி. அறையை மாற்றித் தரக் கோரி ஒரு விண்ணப்பம்

பெறுநர்: தலைமைப் பொறுப்பாளர் அவர்கள், படச்சுருள் காப்பகம்.
பொருள்: அறை மாற்றம் வேண்டுதல் – தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா,

வேதாரண்யம் உப்புச் சத்தியாகிரகம் பற்றிய ஆவணப்படத்துக்குப் பழைய காட்சிகள் கேட்டிருந்தேன். ‘உப்பு’ என்று தேடி, உப்பளத் தொழில் வளர்ச்சி பற்றிய செய்திச் சுருளை அனுப்பிவைத்தமைக்கு நன்றி. அதில் ராஜாஜி இல்லை. யாரோ ஓர் அமைச்சர் ரிப்பன் வெட்டுகிறார். அமைச்சர் யாரென்றும் தெரியவில்லை. மாதிரிப் பிரதியில் தங்கள் முத்திரை நேராக அவர் முகத்தின் மேலேயே விழுந்திருக்கிறது.

1930 ஏப்ரலில் தொண்டர்களோடு திருச்சியிலிருந்து புறப்பட்டபோதே ராஜாஜி தங்கள் அட்டவணையை நினைத்துப் பார்த்திருக்கலாம். பார்க்காததால், எங்கள் எடிட்டர் வழக்கம்போலத் தண்டி யாத்திரைக் காட்சியை எடுத்து ஒட்டிவிட்டார். குஜராத் கடற்கரையில் காந்தி நடப்பார்; பின்னணிக் குரல் ‘வேதாரண்யம்’ என்னும். மணலைப் பார்த்து மாவட்டம் சொல்லக்கூடியவர் யார் இருக்கிறார்கள்?

கிடங்கைச் சுற்றிக் காட்டியதற்கும் நன்றி சொல்ல வேண்டும். துருவேறிய ஒரு டப்பாவின் மேல் ‘தலைவர் பேசுகிறார், நல்ல கூட்டம்’ என்று எழுதியிருந்தது. எந்தத் தலைவர், எந்த ஊர், எந்த ஆண்டு என்றெல்லாம் கேட்டால் குதர்க்கம் என்பீர்கள். மூடியைத் திறந்ததும் வினிகர் நெடி மூக்கைத் துளைத்தது. அசிடேட் சுருள் வெக்கையிலும் ஈரத்திலும் கிடந்தால் சிதைந்து அசிட்டிக் அமிலத்தைக் கக்கும்; அந்த ஆவி பட்டுப் பக்கத்து டப்பாவும் கெடும். சுருள் சுருங்கி நெளிந்துவிட்டால் புரொஜெக்டரின் பல்சக்கரத்தில் உட்காராது. ஒருமுறை தொற்றினால் குணமாகாது. குளிரிலும் வறட்சியிலும் வைத்தால் சிதைவைத் தள்ளிப்போடலாம், அவ்வளவுதான்.

கிடங்கில் ஒரு மின்விசிறி சுற்றுகிறது. ஏ.சி. தங்கள் அறையில் இருக்கிறது. தாங்கள் அசிடேட்டால் ஆனவர் அல்லர் என்பதால் பணிந்து கேட்கிறேன்: சுருள்கள் தங்கள் அறைக்கு வரட்டும், தாங்கள் கிடங்குக்குப் போங்கள். கோப்புகளுக்கு வெக்கை ஒன்றும் செய்யாது. அங்கே உட்கார்ந்தால் டப்பாக்களைத் திறந்து பார்க்கவும் பொழுது கிடைக்கும்.

ஏ.கே. செட்டியார் என்றொருவர் காந்தியைப் பற்றி உலகமெல்லாம் அலைந்து 50,000 அடிச் சுருள் திரட்டினார். அதை 12,000 அடி ஆவணப்படமாகச் சுருக்கி 1940இல் தமிழில் வெளியிட்டார். தங்களைப்போல அன்றும் நொடிக்கு இவ்வளவு என்று கட்டணமும் மூன்று நகல்களில் விண்ணப்பமும் கேட்டிருந்தால் அந்த மனிதர் கோட்டையூரிலேயே உட்கார்ந்திருப்பார். பின்னாளில் வந்த ஆங்கில வடிவத்தை வரலாற்றாய்வாளர் ஆ.இரா. வேங்கடாசலபதி சான் பிரான்சிஸ்கோவில் ஒரு பல்கலைக்கழகத்தில் கண்டெடுத்தார். தமிழ் மூலம்தான் கிடைத்தபாடில்லை.

அறை மாறும்போது, ‘கைத்தடியுடன் முதியவர் நடக்கிறார்’ என்று எழுதிய டப்பா ஏதும் தென்பட்டால், காயலான் கடைக்குப் போடுமுன் தயவுசெய்து ஒரு தபால் அட்டை எழுதவும்.

இப்படிக்கு,
தங்கள் உண்மையுள்ள விண்ணப்பதாரர்