பூதத்திடம் லாஜிக் கேட்காதீர்

முந்தாநாள் ராத்திரி 'கிரியேச்சர் ஃப்ரம் தி ஹான்டட் சீ' பார்த்துக்கொண்டிருந்தேன். கறுப்பு வெள்ளைப் படம், சத்தம் பாதி கேட்காது, அருமையாகப் போய்க்கொண்டிருந்தது. கடல் பூதம் மூஞ்சியைக் காட்டியதுதான் தாமதம், மச்சான் ரிமோட்டைப் பிடுங்கிப் படத்தை நிறுத்திவிட்டு, "லாஜிக் இடிக்குதே மாமா" என்றான்.

இடிக்கட்டுமே. நம்ம ஹீரோ ஒரே உதையில் நாலு சுமோவைப் பறக்கவிட்டால் விசிலடிப்போம். வெள்ளைக்காரன் பூதத்திடம் மட்டும் ரேஷன் கார்டு கேட்போம். லாஜிக் என்பது எங்கே தேவை, எங்கே தேவையில்லை என்று திட்டவட்டமாகச் சொல்லிவிடத்தான் இதை எழுதுகிறேன். அதற்கு முன்னால் பூதம்.

படம் 1961-இல் வந்தது. ராஜர் கார்மன் கைவண்ணம். வேறு படம் எடுக்கப் போர்ட்டோ ரிக்கோவுக்குப் போன மனுஷர், யூனிட்டும் கடலும் இங்கேயே இருக்கிறதே, சும்மா திரும்புவானேன் என்று, சார்லஸ் கிரிஃபித்துக்குப் போன் போட்டு ஒரு வாரத்தில் கதை கேட்டார். கிடைத்த கதை இது: கியூபப் புரட்சிக்குப் பின் கஜானாத் தங்கத்தோடு தப்பிக்கிறார் ஒரு ஜெனரல். படகில் ஏற்றிக்கொள்கிறவன் ஒரு கேடி. ஆட்களை ஒவ்வொருவராகத் தீர்த்துக்கட்டிவிட்டு, பழியைப் பழங்கதைப் பூதத்தின் தலையில் கட்டத் திட்டம். நிஜப் பூதமே வந்து நிற்கிறது. இதற்கு மேல் என்னய்யா லாஜிக் வேண்டும்?

பூதத்தைத் தைத்தவர் படத்தில் நடித்த பீச் டிக்கர்சன். முக்குளிப்பவர்கள் போடும் ரப்பர் உடை. மேலே கொஞ்சம் பாசி. கண்ணுக்கு டென்னிஸ் பந்து, கண்மணிக்குப் பிங்பாங் பந்து. இரண்டு விளையாட்டுக்கும் ஒரே மூஞ்சியில் இடம் கொடுத்த பூதம் வேறு எங்கேயும் கிடையாது. எல்லாவற்றுக்கும் மேலாக, உடம்பு முழுக்கப் பாத்திரம் தேய்க்கிற ஸ்டீல் நார். அதுவும் அந்த ஊர் நார், உள்ளேயே சோப்பு வைத்து வரும். அப்படியானால் தண்ணீரில் இறங்கியதும் நுரைத்திருக்குமா? நுரைத்தால், சிக்கிய ஆளைப் பூதம் விழுங்கியதா, விளக்கியதா? சோப்பு கரைந்த பிறகு மிஞ்சுவது வெறும் இரும்பு. உப்புத் தண்ணீரில் இரும்பு துருப்பிடிக்கும். துரு உடம்பெல்லாம் அரிக்கும். சொறியலாமென்றால் நகமெல்லாம் பைப் கிளீனர், தொட்டால் வளைகிற கம்பி. சொறியவும் முடியாமல் நடுக்கடலில் கிடக்கிற பிராணிக்குக் கோபம் வருமா வராதா? வந்தால் எதிரே வருகிறவனைப் பிடிக்குமா பிடிக்காதா? மச்சான் கேட்ட லாஜிக் இதோ, உச்சி முதல் பாதம் வரை இருக்கிறது. ஸ்டீல் நாரிலேயே இருக்கிறது.

எனக்கு இடித்தது வேறு. துப்பறிவாளனாக வந்து ஒன்றையும் துப்பறியாமல் போகிற எட்வர்ட் வெய்ன் உண்மையில் யார்? ராபர்ட் டவுன். பின்னாளில் 'சைனாடவுன்' திரைக்கதைக்கு ஆஸ்கர் வாங்கியவர்! அதைச் சொல்லலாம் என்று திரும்பினால் மச்சான் போனில் இந்தப் படத்துக்கு எத்தனை ஸ்டார் என்று தேடிக்கொண்டிருக்கிறான்.

எரிச்சல் அங்கேதான். கேள்வி கேட்டால் பதிலுக்கு ஒரு நிமிஷம் நிற்க வேண்டாமா? கண் முன்னால் படம் ஓடும்போது, அது நன்றாக இருக்கிறதா இல்லையா என்று முன்பின் தெரியாத எவனோ சொல்ல வேண்டும். நாமும் அப்படித்தான். ஹோட்டலில் இட்லி வந்த பிறகும் ரிவ்யூ படிக்கிற ஜாதி.

ஸ்டார் குறைவாம். எழுந்து தூங்கப் போய்விட்டான். கடைசியில் பூதம் கடலடியில் தங்கப் பெட்டி மேல் உட்கார்ந்து சாவகாசமாகப் பல் குத்துவதைப் பார்க்கவில்லை. ஆனால் மறுநாள் ஆபீஸ் முழுக்க "செம மொக்கைப் படம்" என்று சொல்லிவைத்திருக்கிறான். மொக்கைதான், நான் இல்லையென்றா சொன்னேன்? ஆனால் அதைச் சொல்ல வேண்டியவன் கடைசி வரைக்கும் முழித்திருந்த நான்.