காசு கொடுத்துப் பாரிமுனை

சென்னைக்காரர்களுக்கே சென்னையைச் சுற்றிக்காட்டுவது இப்போது நல்ல தொழில். ஞாயிறு விடிந்ததும் தொப்பி, தண்ணீர் பாட்டில், கேமரா சகிதம் பாரிமுனையில் கூடிவிடுகிறோம். வாரநாளில் இதே இடத்தில் மூக்கைப் பொத்திக்கொண்டு பஸ்ஸுக்கு நின்றவர்கள்தான். இன்று ஒவ்வொரு தூணுக்கும் ஓர் ‘ஆஹா’. கட்டணம் கட்டினால் பார்வை தெளிகிறது.

வழிகாட்டி நன்றாகப் படித்தவர். 1914 செப்டம்பர் 22 இரவு ஜெர்மானிய எம்டன் கப்பல் குண்டு போட்டதை அவர் வர்ணித்தால் நமக்கே காது அடைக்கும். உயர் நீதிமன்ற மதிலில் அதற்கு ஒரு கல்வெட்டு உண்டு. எல்லோரும் முண்டியடித்துப் படமெடுக்க, இளநீர்க்காரர் பதறிப்போய், “இன்னா சார், எதுனா ஆக்ஸிடென்ட்டா?” என்றார்.

1772-இல் கட்டிய ஆர்மீனியன் தேவாலயத்தில்தான் உண்மையாகவே வாயடைத்துப் போனோம். உலகின் முதல் ஆர்மீனிய இதழை 1794-இல் சென்னையில் தொடங்கிய பாதிரியார் இங்கேதான் அடக்கமாகியிருக்கிறார். இதழ் சுமார் ஒன்றரை ஆண்டில் நின்றுபோனது. நம் சிறுபத்திரிகைகளின் தலையெழுத்து அப்போதே எழுதியாயிற்று.

அதன்பின் டிபன். வரலாற்றை விடப் பொங்கலுக்குத்தான் கேள்விகள் அதிகம்.

நீங்களும் அவசியம் போய்வாருங்கள். ஆனால் திரும்பி வந்து தம்புச்செட்டித் தெருவைப் பற்றித் தாத்தாவுக்கு வகுப்பெடுக்காதீர்கள். அங்கே முப்பது வருஷம் கணக்கெழுதியவர் அவர்.